மலையில் தெரிந்த குடை

நாத்தனார் படம் எடுப்பவள் என்பது ஊருக்கே தெரியும். உண்மையில் எடுப்பது யார் என்பது மூன்று பேருக்குத்தான் தெரியும். ஒருத்தி நாத்தனார், இன்னொருவன் அவளுடைய தம்பி, மூன்றாவது அந்தத் தம்பியின் பெண்டாட்டி. முதல் இரண்டு பேரும் வாயைத் திறக்கவில்லை. மூன்றாமவள் திறந்தால் காது கொடுத்துக் கேட்க ஆள் இல்லை.

அந்தக் குறும்படங்களில் கதை கிடையாது, பேச்சு கிடையாது, மனிதர்களே கிடையாது. ஒரு மலையையோ ஆற்றையோ படம் பிடித்து, அது தன் பிறவியில் செய்யாத காரியத்தைச் செய்ய வைப்பார்கள். முதல் படத்தில் ஒரு பாறைமேடு ஆறு நிமிடம் கடலாக அலையடித்தது. இரண்டாவதில் ஓர் ஆறு எழுந்து நின்று, கொடியில் காயும் துணி மாதிரி காற்றில் ஆடியது. பார்த்தவர்கள் நெற்றியைச் சுருக்கிக்கொண்டு கைதட்டினார்கள். தட்டாவிட்டால் தனக்கு ஒன்றும் புரியவில்லை என்று பக்கத்து நாற்காலிக்காரன் நினைத்துவிடுவானே என்கிற பயம் பாதி. மீதிப் பாதி நிஜமான வியப்பு, அதைக் குறை சொல்லக் கூடாது.

அந்த வியப்புக்குச் சொந்தக்காரி பின்னறையில் இருந்தாள். நாத்தனார் வந்து, “அலையடிக்கட்டும்” என்று ஒரு வார்த்தை சொல்லிவிட்டுப் போவாள். அந்த ஒரு வார்த்தைக்கு நான்கு மாத உழைப்பு. வாஷிங் மெஷினுக்கும் இஸ்திரி மேசைக்கும் நடுவில் ஒரு கம்ப்யூட்டரைப் போட்டுக்கொண்டு, பாறையின் ஒவ்வொரு விளிம்பையும் கையாலேயே கத்தரித்து எடுத்து, ஒவ்வொரு விரிசலும் அலையோடு ஏறி இறங்கும்படி செய்தவள் அவள். “ஆறு எழுந்து நிக்கட்டும்” என்றதற்கு இன்னொரு ஐந்து மாதம். அதற்குள் அவள் கண்ணாடியின் பவர் இரண்டு முறை ஏறிவிட்டது. இத்தனைக்கும் நாத்தனார் கொடுத்த பட்டம், சோடாபுட்டி.

“ஏ சோடாபுட்டி, என் ஆறு ரெடியா?”

என் ஆறாம். கேட்கும்போதெல்லாம் அவளுக்குப் பற்றிக்கொண்டு வரும். ஆனால் எதிரில் நிற்கிற தம்பிக்காரன் கண்ணாலேயே கெஞ்சுவான். அவளுக்கு அவன் புருஷன். ஆனாலும் அந்த வீட்டில் அவன் முதலில் தம்பி, மிச்சம் நேரமிருந்தால்தான் புருஷன். அதனால் நாமும் தம்பிக்காரன் என்றே வைத்துக்கொள்வோம்.

அவன் வேலை பந்து பிடிப்பது. சிரிக்க வேண்டாம், இந்தத் தொழிலில் அது முக்கியமான வேலை. ஒரு மலையைக் கம்ப்யூட்டரில் பளபளவென்று மாற்றினால், அந்தப் பளபளப்பில் சுற்றியுள்ள வானமும் மரமும் தெரிய வேண்டும், இல்லாவிட்டால் பொய் என்று காட்டிக்கொடுத்துவிடும். அதற்காக ஒருவன் முகம் பார்க்கிற மாதிரி துலக்கிய எவர்சில்வர் பந்தை ஒரு கம்பின் நுனியில் செருகி, கேமராவுக்கு எதிரில் பிடித்துக்கொண்டு நிற்பான். பந்தில் எல்லாப் பக்கமும் விழும். அதைக் கேமராவில் பிடித்து, பிறகு கம்ப்யூட்டரில் விரித்துக்கொள்ளலாம்.

எல்லாப் பக்கமும் விழும் என்றால் கேமராவுக்குப் பின்னால் நிற்கிறவர்களும் விழுவார்கள். பந்தின் ஓரத்தில், கம்பைப் பிடித்திருப்பவனும் வில்லாக வளைந்து விழுவான். அவர்களையெல்லாம் ஒவ்வொரு ஃபிரேமாக அழித்துச் சுத்தம் செய்த பிறகுதான் பந்தைப் பயன்படுத்த முடியும். இரண்டு படத்திலும் அவள் இதைச் செய்தாள். குடைக்கடியில் உட்கார்ந்திருக்கும் நாத்தனாரை அழிப்பாள். பிறகு கேமராவின்மேல் குனிந்திருக்கும் உருவத்தை அழிப்பாள். அந்த உருவம் அவளேதான். தன்னைத் தானே அழித்துவிட்டு எழுந்துபோய் ஈரத் துணியைக் காயப்போடுவாள்.

இப்படி ஒரு வேலை இருப்பது நாத்தனாருக்குத் தெரியாது. தெரிந்துகொள்ள அவள் கேட்டதுமில்லை.

மூன்றாவது படத்துக்கு ஒரு வாக்குறுதி இருந்தது. “இதுல உன் பேரும் வரும். என் பேருக்குப் பக்கத்துலயே, அதே சைஸ்ல. போதுமா?” என்று நாத்தனார் சாப்பாட்டு மேசையில் வைத்துச் சொன்னாள். தம்பிக்காரனுக்கு அப்பாடா என்று இருந்தது. அவளுக்கும் உள்ளே ஏதோ குளிர்ந்தது, மறைப்பானேன். இரண்டு வருஷமாகத் தன் பெயரைத் திரையில் எந்த எழுத்தில் போடலாம் என்று யாருக்கும் தெரியாமல் யோசித்து வைத்திருந்தவள் அவள்.

படம் இதுதான். ஒரு பள்ளத்தாக்கு, எதிரே ஒரு புல்மலை, நடுவில் ஓடை, பத்துப் பதினைந்து மரங்கள். ஒன்பது நிமிடத்தில் அத்தனையும் மெல்ல மெல்லத் துலக்கிய உலோகமாக மாற வேண்டும். கடைசியில் புல்கூடக் கண்ணாடியாக நிற்க வேண்டும். மலையில் மேகம் நகர்வது தெரிய வேண்டுமென்பதால், இந்த முறை பந்தின்மேலும் ஒன்பது நிமிடம் கேமராவை நிறுத்தாமல் ஓட்டினார்கள்.

ஆறு நாள் படப்பிடிப்பு, ஆறு நாளும் மண்டை பிளக்கிற வெயில். கேமரா சூடேறித் தானாகவே அணைந்துகொண்டிருந்தது. இருந்தது ஒரே குடை.

“அண்ணி, கேமராவுக்குக் கொஞ்சம் குடை வேணும். பந்து எடுக்கறப்ப நின்னுபோச்சுன்னா மறுபடி முதல்லேருந்து எடுக்கணும்.”

“எனக்குத் தலைவலி வந்தா படத்தை யாரு எடுப்பா? உங்கப்பனா?”

அவள் தன் தலையில் போட்டிருந்த துண்டை நனைத்துக் கேமராவின்மேல் போட்டாள். வெறும் தலையோடு குனிந்துகொண்டு, “சரி அண்ணி. குடையை நீங்களே வெச்சுக்கோங்க,” என்றாள்.

வார்த்தையில் ஒரு தப்பும் இல்லை. ஆனால் அது சொல்லப்பட்ட விதத்தில் ஏதோ இருந்திருக்கிறது. நாத்தனார் மடக்கு நாற்காலியிலிருந்து எழுந்தாள். ஒரு கையில் குடை தோளில் சாய்ந்திருக்க, மறு கையின் ஆள்காட்டி விரல் மேலே போனது. திட்டும்போது அவளுக்கு ஒரு பழக்கம், வார்த்தைக்கு வார்த்தை குதிகால் தூக்கித் தூக்கி இறங்குவாள். எம்பி எம்பித் திட்டினாள். அவளுடைய படிப்பை, பிறந்த வீட்டை, கண்ணாடியை, ஒன்றையும் விடவில்லை. தம்பிக்காரன் எதிரே நாற்பதடி தூரத்தில் பந்தைப் பிடித்துக்கொண்டு அசையாமல் நின்றான். பந்து அசையக் கூடாது அல்லவா, அதனால் அவனுக்கு நல்ல சாக்கு.

பந்து எல்லாவற்றையும் வாங்கிக்கொண்டிருந்தது.

வேலை முக்கால்வாசி முடிந்திருந்தபோது, ஒரு பகல் வேளையில், பிரிண்டரில் ஒரு காகிதம் சிக்கிக்கொண்டது. அவள் போய் இழுத்தாள். ஸ்டுடியோ ஒன்று நடத்தும் போட்டிக்கான விண்ணப்பம். பிரிவின் பெயர் ‘ஒரே கை’. படத்தின் எல்லா வேலையையும் ஒருவரே செய்திருக்க வேண்டும், துணைக்கு வருபவர்கள் இருக்கலாம், வேலையில் கை வைக்கக் கூடாது. தேர்வானால் ஒரு வருஷம் தனி அறை, தனி மெஷின், அந்த அறையின் கதவில் பெயர். விண்ணப்பத்தில் கருத்து, கேமரா, உருவாக்கம், இயக்கம் என்று நான்கு கட்டம். நான்கிலும் நாத்தனார் பெயர்.

காகிதத்தைத் தம்பிக்காரனிடம் காட்டினாள்.

“அது... அந்தப் பிரிவோட ரூல் அப்படிம்மா. ரெண்டு பேரு போட்டா வாங்க மாட்டாங்க. அடுத்த படத்துல பாத்துக்கலாம்.”

“உங்களுக்கு முன்னாடியே தெரியுமா?”

“அக்கா சொன்னா... உன்கிட்ட பக்குவமா சொல்லணும்னு இருந்தேன்.”

பக்குவமாம். அவன் பக்குவத்தில் இடி விழ. அவள் பின்னறைக்குப் போய் உட்கார்ந்தாள். அன்றைக்குச் செய்ய வேண்டியிருந்தது பந்தைச் சுத்தம் செய்கிற வேலை. அழிக்கும் தூரிகையை எடுத்து, கேமராவின்மேல் குனிந்திருக்கும் அந்தப் பெண்ணின் முதுகில் வைத்தாள். முதுகு வியர்வையில் நனைந்து ரவிக்கை ஒட்டியிருந்தது. பார்க்கப் பாவமாக இருந்தது. இவளை எத்தனை தடவைதான் அழிப்பது? கை நகரவில்லை.

பிறகு பந்தின் ஓரத்தில் வளைந்து நின்ற தம்பிக்காரனை மட்டும் அழித்தாள். கம்பு, கை, கட்டைவிரல், வளைந்த முகம் என்று ஒரு பிசிறு இல்லாமல் அழித்தாள். அதற்கு மூன்று நாள் ஆயிற்று. மற்ற இரண்டு பேரையும் அப்படியே விட்டுவிட்டு மலையை உலோகமாக்கினாள்.

நாத்தனார் முடிந்த படத்தைப் பார்த்தது கைபேசியில், சோபாவில் கால் நீட்டிக்கொண்டு. அவள் முதலில் தன் பெயர் வருகிற இடத்தைப் பார்ப்பாள், எழுத்துப் பிழை இல்லையென்றால்தான் படத்தைப் பார்ப்பாள்.

“அந்த மலை நடுவுல கறுப்பா ஏதோ நெளியுதே, என்னது?”

“அங்க இருந்ததுதான் தெரியுது அண்ணி.”

“நல்லாத்தான் இருக்கு. ஒரு மர்மமா இருக்கு. அப்படியே இருக்கட்டும்.”

அவள் தலையாட்டினாள். பொய் சொல்லவில்லை என்பதில் அவளுக்கு ஒரு திருப்தி.

தேர்வுத் திரையிடல் ஒரு மத்தியான நேரத்தில் நடந்தது. நூறு நாற்காலி போட்ட கூடம், குளிரூட்டி விறைக்க வைத்தது. நாத்தனார் இஸ்திரி மடிப்புக் கலையாத உடையில் முதல் வரிசை. அவளும் தம்பிக்காரனும் நான்காவது வரிசை. படம் தொடங்கியது. ஓடை வெள்ளியானது, மரங்கள் ஒவ்வொன்றாகத் தகதகத்தன, கூடத்தில் மூச்சுச் சத்தம்கூட இல்லை. தன் வேலையை முதன்முதலாகப் பெரிய திரையில் பார்த்த அவளுக்குக் கண் நிறைந்துவிட்டது. நான் செய்தது, நான் செய்தது என்று மனசு அடித்துக்கொண்டது.

நான்காவது நிமிடத்தில் மலை மாறத் தொடங்கியது. மேகம் வந்தது. மேகத்துக்குக் கீழே, மலையின் வயிற்றில், ஒரு குடை தெரிந்தது.

முதலில் ஒருவர் சிரித்தார். பிறகு வரிசை வரிசையாகச் சிரிப்பு பரவியது. மலை உயரத்துக்கு ஒரு பெண் குடை பிடித்துக்கொண்டு உட்கார்ந்து ஆரஞ்சுப் பழம் உரிக்கிறாள். பக்கத்தில் இன்னொருத்தி தலையில் துணிகூட இல்லாமல் கேமராவில் குனிந்திருக்கிறாள். குடைக்காரி எழுகிறாள், விரலை நீட்டுகிறாள், எம்பி எம்பித் திட்டுகிறாள். வளைந்த உலோகத்தில் முகங்கள் மட்டும் தேய்ந்துபோயிருந்தன. அதே காட்சி ஒவ்வொரு மரத்திலும் சின்னச் சின்னதாக நடந்தது. முதல் வரிசையில் நாத்தனாரின் கழுத்து நேராக விறைத்தது அவளுக்குப் பின்னாலிருந்தே தெரிந்தது.

படம் முடிந்ததும் நாத்தனாரை மேடைக்குக் கூப்பிட்டார்கள். தலைமைத் தேர்வாளர், தலைமுடியை ஒட்ட வெட்டிய ஒரு பெண்மணி, பேனாவை உருட்டிக்கொண்டே கேட்டார்.

“ஐந்தாவது நிமிஷத்தை நிறுத்தி வைங்க. ஆங், அதுதான். மலையில ரெண்டு பேர் தெரியுறாங்களே, வேணும்னே விட்டதா?”

“வேணும்னுதான்,” என்றாள் நாத்தனார். கண நேரம்கூடத் தடுமாறவில்லை, அந்தத் திறமையை யாரும் மறுக்க முடியாது. “இயற்கையைப் பாக்கறவங்களை இயற்கை திரும்பிப் பாக்குது. அதான் படம்.”

கூடத்தில் கைதட்டல்.

“சரி. கேமராகிட்ட குனிஞ்சிருக்கறது யாரு? இது ‘ஒரே கை’ பிரிவு, அதனால கேக்கறேன்.”

“நான்தான்.”

அவளுக்குக் காது அடைத்துக்கொண்டது.

“அப்ப குடையில இருக்கறவங்க?”

“என் தம்பி பொண்டாட்டி. துணைக்கு வந்தா. வெயில் தாங்க மாட்டா பாவம். குடையைக் கேமராவுக்குக் குடுன்னு கேட்டேன், அதுக்குத்தான் அந்த ஆட்டம்.” நாத்தனார் சிரித்தாள். “எல்லா வீட்டுலயும் இப்படி ஒண்ணு இருக்குமே!”

கூடம் கொல்லென்று சிரித்தது. அவளுக்கு உடம்பெல்லாம் எரிந்தது. பெயரை எடுத்துக்கொண்டாள், பொறுத்தாயிற்று. இப்போது முதுகில் காய்ந்த வெயிலையும் எடுத்துக்கொண்டாளே! நான் வாங்கின திட்டைக்கூடத் தன் கணக்கில் எழுதிக்கொண்டு, திட்டினவள் நீ என்கிறாளே! நாக்கில் நரம்பே இல்லையா?

“பொய்,” என்றாள் எழுந்து நின்று. “கேமராகிட்ட நிக்கிறது நான். மூணு படமும் நான் பண்ணினது.”

எல்லாத் தலையும் திரும்பியது. தேர்வாளர் இருவரையும் மாறி மாறிப் பார்த்தார். “முகம் சரியா தெரியலை. அன்னிக்கு வேற யாராவது அங்க இருந்தாங்களா?”

“என் தம்பி இருந்தான். பந்து புடிச்சான். அவனையே கேளுங்க,” என்றாள் நாத்தனார். தம்பிமேல் அவ்வளவு நம்பிக்கை.

தம்பிக்காரன் எழுந்தான். ஆறு நாள் அந்த இரண்டு பேருக்கும் நேர் எதிரே நின்று, கண்ணிமைக்காமல் பார்த்துக்கொண்டிருந்த ஒரே மனிதன். அவள் அவன் முகத்தையே பார்த்தாள். ஒரு வார்த்தை சொன்னால் போதும். இரண்டு வருஷம் அந்த ஒரு வார்த்தையில் தொங்கிக்கொண்டிருந்தது.

“வெயில் எதிர்ல அடிச்சுது... கண்ணு கூசிச்சு. எனக்குச் சரியா... அக்கா சொன்னா சரியாத்தான் இருக்கும்.”

சொல்லிவிட்டு உட்கார்ந்துவிட்டான்.

அவளுக்கு அழுகை வந்திருக்க வேண்டும், வரவில்லை. மனசு அவனைத் தண்ணீர் தெளித்து விட்டுவிட்டது. மேடையைப் பார்த்தாள். நாத்தனார் ஒரு கையில் மைக்கைத் தோளருகே சாய்த்துப் பிடித்தபடி, ஜெயித்த முகத்தோடு நின்றாள். அவளுக்குப் பின்னால் திரையில், நிறுத்தி வைத்த மலை. ஆறு வருஷம் ஒரே வீட்டில் கிடந்தவளுக்கு அந்த உடம்பின் விசை எங்கே இருக்கிறது என்று தெரியாதா?

அன்றைக்குச் சொன்ன அதே குரலில், அதே நிதானத்தில் சொன்னாள். “சரி அண்ணி. குடையை நீங்களே வெச்சுக்கோங்க.”

“வாயை மூடுடி சோடாபுட்டி!”

மைக்கில் அலறியது. “என் சோத்தைத் தின்னுட்டு எனக்கே குழி பறிக்கறியா? மூலையில கெடந்த உன்னை மெஷின் வாங்கிக் குடுத்து உக்கார வெச்சேன் பாரு, என்னைச் சொல்லணும்! நான் சொல்லலைன்னா உனக்கு ஒரு புல்லை அசைக்கத் தெரியுமா? நான் அலையடிக்கட்டும்னு சொல்லலைன்னா நீ எங்கேருந்துடி அலையடிக்க வெச்சிருப்பே?”

விரல் மேலே போயிருந்தது. மைக் குடைபோலத் தோளில் சாய்ந்திருந்தது. குதிகால் வார்த்தைக்கு வார்த்தை எம்பி எம்பி இறங்கியது. பின்னால் மலையில், அதே விரலும் அதே தோளும் அதே தூக்கிய குதிகாலும் பத்தடி உயரத்தில் நின்றன.

ஒருவரும் சிரிக்கவில்லை. எல்லாரும் ஏன் தன்னைப் பார்க்காமல் தனக்குப் பின்னால் பார்க்கிறார்கள் என்று நாத்தனாருக்குப் புரியச் சற்று நேரம் பிடித்தது. திரும்பிப் பார்த்தாள். விரல் தானாக மடங்கியது.

தேர்வாளர் பேனாவை மூடினார். “இந்தப் பிரிவுல இந்தப் படம் கிடையாது. ஒரே கை இல்லை.” பிறகு நான்காவது வரிசையைப் பார்த்து, “நிராகரிச்சதுக்குக் காரணம் எழுதணும். கேமராவும் உருவாக்கமும் யாருன்னு போடணும். உங்க முழுப் பேரு?” என்றார்.

அவள் சொன்னாள், எழுத்துக்கூட்டியே சொன்னாள். தனி அறையும் மெஷினும் அவளுக்கும் கிடைக்காமல்தான் போயிற்று. அவள் பெயர் முதன்முதலாக ஏறியது ஒரு நிராகரிப்புக் காகிதத்தில். ஆனாலும் ஏறியது.

வெளியே வாகனம் நிறுத்துமிடத்தில் வெயில் கொதித்தது. நாத்தனார் காருக்குள் கதவை அறைந்து சாத்திக்கொண்டு, கண்ணாடியை ஏற்றிவிட்டாள். தம்பிக்காரன் காருக்கும் அவளுக்கும் நடுவில் நின்று தவித்தான்.

“நான் சொல்லத்தான் நெனச்சேன்மா. அத்தனை பேரு முன்னாடி அக்காவை எப்படி...”

அவள் கார் டிக்கியைத் திறந்து, பந்து இருந்த துணிப்பையை எடுத்துக்கொண்டாள்.

“அந்தப் பேச்சு இருக்கட்டும். ஒண்ணு கேக்கணும்,” என்றான். “ரெண்டு பேரையும் விட்டிருக்கே. பந்துல நானும்தானே விழுந்திருப்பேன்? என்னைக் காணோமே?”

“உங்களை மட்டும் அழிச்சுட்டேன்.”

“ஏன்?”

“இந்தச் சண்டையில நீங்க மாட்டிக்கக் கூடாதுன்னு நெனச்சேன். மூணு நாள் ஆச்சு.”

காரில் ஹாரன் அடித்தது, ஒரு தடவை, பிறகு விடாமல்.

“போங்க, கூப்பிடறாங்க,” என்றாள். “கம்பு டிக்கியிலயே இருக்கு, நீங்க வெச்சுக்கோங்க. பந்து என்னோடது.”

பையைத் தோளில் மாட்டிக்கொண்டு, பஸ் நிற்கிற பக்கமாக நடந்தாள்.